விழத் தெரிந்தவன்

1986 நவம்பர் 9, ஞாயிறு

முகாம் பொறுப்பாளர் பிர்ஜிற் அம்மையார் ஆளுக்கொரு கொப்பி தந்தார். டெனிஷ் சொற்களை எழுதிப் பழகவாம். எனக்கு நாற்பத்தொரு வயது. இனிமேல் இன்னொரு பாஷையை நாக்கில் ஏற்றுவது நடக்கிற காரியமில்லை. ஆகவே கொப்பியை இதற்கு எடுத்துக்கொள்கிறேன்.

முகாம் என்பது பெயருக்குத்தான். கடற்கரையில் ஒரு பழைய ஹோட்டல். கோடையில் டென்மார்க்காரர் குளிக்க வருவார்களாம். இப்போது அறுபத்திரண்டு தமிழர், அகதி என்று எழுதிக் கொடுத்துவிட்டு, இருக்க விடுவார்களா திருப்பி ஏற்றுவார்களா என்று சொல்லப்போகிற கடிதத்துக்குக் காத்திருக்கிறோம். காலை பாண், மத்தியானம் உருளைக்கிழங்கு, மாலை பாண். மிளகாய்த்தூள் என்றால் என்னவென்று குசினிக்காரிக்கு இதுவரை யாரும் சொல்லவில்லை.

நான் அருளம்பலம். பதினெட்டு வருடம் நீதிமன்ற மொழிபெயர்ப்பாளன். சாட்சி தமிழில் சொல்வதை ஆங்கிலத்தில் நீதவானுக்குச் சொல்வதே உத்தியோகம். மனைவியும் மகளும் திருச்சியில் ஒற்றை அறையில் இருக்கிறார்கள். எனக்கு அனுமதி வந்தால்தான் அவர்களைக் கூப்பிடலாம்.

அறை இலக்கம் பதினான்கு. கூட இருப்பவன் குகநேசன், இருபத்தாறு வயது, கொடிகாமம் பக்கத்து மினிபஸ் கொண்டக்டர். வாய் ஓயாத பகடிக்காரன். நல்ல கட்டில் இருக்கத் தரையில் சுவரோரமாகப் படுக்கிறான். கேட்டால், “கட்டிலிலை இருந்து விழுந்தாலும் விழுந்திடுவன் அண்ணை” என்கிறான். பெரிய ஆள்தான்.

நவம்பர் 15, சனி

இன்று படம் காட்டினார்கள். காட்டியவர் ஹோல்கர் என்ற கிழவர். இந்த ஊரில் சினிமாக் கொட்டகை நடத்தி ஓய்வுபெற்றவராம். காரின் பின்பக்கத்தில் புரொஜெக்டரையும் படச்சுருள் டப்பாக்களையும் கொண்டுவந்து, சாப்பாட்டு மண்டபத்து யன்னல்களை மூடி, மேசைவிரிப்பைச் சுவரில் கட்டினார். “பேச்சே இல்லாத படங்கள். ஆகவே நீங்களும் நானும் ஒரே அளவில்தான் விளங்கிக்கொள்வோம்” என்று ஆங்கிலத்தில் சொன்னார். அதைச் சபைக்குத் தமிழில் சொன்னது நான்.

முதலாம் உலகப் போருக்கு முன்னால் கொப்பன்ஹேகனில் எடுத்தவை. ஒவ்வொன்றும் பத்துப் பன்னிரண்டு நிமிடம். வீட்டுக்கு வெள்ளையடிக்கிற ஒருவன், ஒல்லி, பெரிய மீசை, வட்டத் தொப்பி. ஏணியைத் தோளில் வைத்துக்கொண்டு திரும்புவான். ஏணியின் பின்முனை பேக்கரிக்காரனின் தட்டைத் தட்டிவிடும். விழுந்த பாணை நாய் கவ்வும். நாயைத் துரத்தப் போய் ஏணி பொலிஸ்காரனின் கழுத்தில் மாட்டும். அவ்வளவுதான், தெருவே ஓடத் தொடங்கிவிடும். பால்காரி, பாதிரியார், குழந்தை வண்டி தள்ளுகிற தாதி என்று ஒருவர் பின்னால் ஒருவர் ஓடுகிறார்கள். எதற்காக ஓடுகிறோம் என்று பாதிப்பேருக்குத் தெரியாது. கடைசியில் எல்லாரும் துறைமுகத்தில் மீன் பீப்பாக்களுக்குள் தலைகீழாக நிற்கிறார்கள்.

மனோன்மணி, கணவன் இருக்கிற இடம் தெரியாமல் இரண்டு பிள்ளைகளோடு வந்திருப்பவர், சேலைத் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டு குலுங்கினார். நானும் சிரித்தேன். எழுத வெட்கமாக இருக்கிறது, ஆனால் கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தேன். பிள்ளைகள் அந்த நடிகனுக்கு ‘ஏணியர்’ என்று பட்டம் வைத்துவிட்டார்கள்.

சிரிக்காதவன் குகநேசன் ஒருவன்தான். அடுத்தவன் செய்த வேலையில் பிழை பார்க்கிற மேசன்போல உட்கார்ந்திருந்தான்.

“என்ன ஐசே, பிடிக்கேல்லையோ?” என்று கேட்டேன்.

“நல்லா விழுறான் அண்ணை. ஆனா கையை முதல் குடுக்கிறான். மணிக்கட்டுப் போயிடும். தோளாலை போகோணும். பேந்து, விழுந்த உடனை எழும்பக்கூடாது. சனம் சிரிச்சு முடியிறமட்டும் கிடக்கோணும்.”

“மினிபஸ்ஸிலை இதுவும் படிப்பிச்சவையோ?”

“மினிபஸ்ஸிலை எல்லாம் படிக்கலாம் அண்ணை.”

நவம்பர் 18, செவ்வாய்

எங்கள் அறைக்கு இன்று உருளைக்கிழங்கு முறை. தோல் சீவிய கிழங்கு நிறைந்த பெரிய வாளியைத் தூக்கிக்கொண்டு குகநேசன் குசினி வாசலுக்கு வந்தான். வாசற்படியில் கால் தடுக்கியதுபோல் ஒரு ஆட்டம். வாளி மேலே போனது, அவன் கீழே போனான். போகிற வழியில் ஒரு காலால் கதிரையையும் இழுத்துக்கொண்டு போனான். கிழங்கெல்லாம் மண்டபத்தில் ஓடியது. அவன் விழுந்ததில் சத்தமே கேட்கவில்லை. பிள்ளைகள் தரையில் புரண்டு சிரித்தார்கள்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. “நீர் என்ன கோமாளியே? வெள்ளைக்காரர் பாத்துக்கொண்டெல்லே நிக்கினம். எங்களைப்பற்றி என்ன நினைப்பினம்?”

அவன் படுத்தபடியே கேட்டான்: “எல்லாரும் சிரிச்சவையோ அண்ணை?”

“ஓம், சிரிச்சவை. எழும்பும்.”

“எல்லாருமோ?”

“அந்தக் குசினிக்கார மனுசி சிரிக்கேல்லை. இப்ப அதுக்கென்ன?”

எழுந்து நேரே அவளுக்கு முன்னால் போய் இன்னொரு தரம் விழுந்தான். அவள் சிரிக்கவில்லை. மூன்றாம் தரமும் விழுந்தான். அவள் பயந்துபோய்ச் சிரித்தாள். அதன் பிறகுதான் கிழங்கு பொறுக்க வந்தான். முழங்கை தோலுரிந்திருந்தது. எண்ணெய் பூசிவிட்டேன்.

நவம்பர் 22, சனி

இரண்டாம் சனிக்கிழமைப் படம். ஏணியர் இந்த முறை ஒரு கல்யாண வீட்டுக்கு வெள்ளையடிக்கிறார். கேக், மாமியார், சுண்ணாம்பு வாளி. மிச்சத்தைச் சொல்லத் தேவையில்லை.

குகநேசன் விழுவதைப் பிள்ளைகள் ஹோல்கருக்குக் காட்டுவித்தார்கள். கிழவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு, “இவர் சேர்க்கஸ்காரரா?” என்றார். பிறகு, ஏணியராக நடித்தவருக்குப் படத்துக்கு ஒரு எலும்பு உடைந்தது என்றும், கடைசிக் காலத்தில் அவர் கழுத்தைத் திருப்ப உடம்பையே திருப்புவார் என்றும் சொன்னார். நான் மொழிபெயர்த்தேன்.

“அவரை விழச் சொன்னது ஆர் அண்ணை? கேளுங்கோ.”

டைரக்டர் என்றார் ஹோல்கர்.

“மாட்டன் எண்டு சொல்லலாமோ?”

சொல்லலாம், ஆனால் அப்படிச் சொன்னால் யார் படம் பார்ப்பார்கள் என்று கிழவர் சிரித்தார். குகநேசன் மரியாதைக்குத் தலையாட்டினான்.

நவம்பர் 27, வியாழன்

மிச்சப்பேருக்கும் விசாரணைத் திகதிகள் வந்துவிட்டன. எனது விசாரணை நான் இங்கே வந்த கிழமையே முடிந்தது, நேரே ஆங்கிலத்தில் பேசியதால். குகநேசனுக்கு டிசம்பர் 4. கொப்பன்ஹேகனிலிருந்து வரவேண்டிய மொழிபெயர்ப்பாளர் காய்ச்சல் வருத்தமாய்க் கிடக்கிறாராம். ஆகவே இந்தக் கிழமையும் அடுத்த கிழமையும் என்னையே செய்யச் சொல்லிப் பிர்ஜிற் அம்மையார் கேட்டார். பதினெட்டு வருட அனுபவத்துக்கு ஒரு மதிப்பு இருக்கத்தான் செய்கிறது.

இதுவரை ஏழு பேருக்குச் செய்துவிட்டேன். எங்கள் சனம் சாட்சி சொல்வது எப்படி என்று எனக்குத் தெரியும். ஆட்டுக்குட்டியில் தொடங்கி, பெரியம்மாவின் கல்யாணத்துக்குப் போய், அழுது, மூக்குச் சிந்தி, கடைசியில்தான் விசயத்துக்கு வருவார்கள். நீதவான் எரிந்து விழுவார். ஆகவே சாட்சி சொல்வதைச் சாறு பிழிந்து, ஒழுங்குபடுத்தி, கௌரவமான ஆங்கிலத்தில் கொடுப்பதுதான் நல்ல மொழிபெயர்ப்பாளனுக்கு அழகு. இங்கும் அதையே செய்கிறேன். சுற்றிவளைப்பு, கைது, தாக்குதல், விடுதலை, உயிருக்கு ஆபத்து. ஐந்து பந்தி. விசாரிக்கிற அதிகாரி நேற்று என் ஆங்கிலத்தைப் பாராட்டினார்.

நவம்பர் 29, சனி

இன்றைய படத்தை நினைத்தால் இன்னும் ஒரு மாதிரி இருக்கிறது.

ஏணியர் தேவாலயக் கோபுரத்துக்கு வெள்ளையடிக்கிறார். கீழே பொலிஸ்காரன், பால்காரி, நாய், எல்லாரும் வழக்கம்போல. ஏணி ஆடுகிறது. பிள்ளைகள் இப்போதே சிரிக்கத் தொடங்கிவிட்டார்கள். அவர் விழுந்தார். எழும்புவார் என்று பார்த்துக்கொண்டிருந்தோம். எழும்பவில்லை. பொலிஸ்காரன் தொப்பியைக் கழற்றினான். பால்காரி முழங்காலில் இருந்தாள். நாய் வந்து பக்கத்தில் படுத்துக்கொண்டது. படம் முடிந்துவிட்டது.

மனோன்மணியின் சின்னவன் அழத் தொடங்கினான். ஹோல்கர் பதறிப்போய் டப்பாவைத் திருப்பிப் பார்த்தார். பிழையான சுருளாம். அந்தக் காலத்து டெனிஷ் கொம்பனிகள் ஒரே படத்துக்கு இரண்டு முடிவு எடுப்பார்களாம். தங்கள் நாட்டுக்குச் சந்தோசமான முடிவு. ரஷ்யாவுக்கு அனுப்பச் சோகமான முடிவு, அங்கே சனம் அழாமல் வீட்டுக்குப் போகாதாம். நல்ல முடிவில் ஏணியர் வைக்கோல் வண்டியில் விழுந்து பால்காரியைக் கல்யாணம் செய்கிறார் என்று சொல்லச் சொன்னார். சொன்னேன். சின்னவன் நம்பவில்லை.

குகநேசன் மட்டும் என் காதருகே சொன்னான்: “ஒருத்தரும் சிரிக்காட்டில் இப்பிடித்தான் அண்ணை முடியும்.”

நவம்பர் 30, ஞாயிறு

காலையில் உடுப்புத் தோய்க்கிற அறையில் குகநேசன் என்னிடம் சில விசயங்கள் சொன்னான். ஊரில் ஆமி பிடித்து வைத்திருந்த நாட்களைப் பற்றி. இங்கே எழுதப்போவதில்லை.

“இதை அங்கை சொல்ல வேண்டாம்” என்றேன்.

“நடந்தது இதுதானே அண்ணை. அவையின்டை தாளிலை இது ஏறினால்தான் எனக்கு மனம் ஆறும்.”

“நீர் சொல்லுறதைச் சொல்லும். மிச்சத்தை நான் பாத்துக்கொள்ளுறன்.”

மூன்று சட்டை, ஒரு சாரம், இரண்டு துவாய். வெளியே காயப்போட்டால் பலகைபோல் விறைத்துவிடுகிறது.

டிசம்பர் 4, வியாழன்

விசாரணை முடிந்தது. இரண்டு மணித்தியாலம். குகநேசன் மேசையைப் பார்த்தபடி நெடுநேரம் பேசினான். ஒருமுறை எழுந்து செய்து காட்டப் போனான். சட்டையைப் பிடித்து இழுத்து இருத்தினேன். எல்லாவற்றையும் சுருக்கிச் சொன்னேன். அதிகாரி ஒருமுறை பேனையை மூடிவைத்துவிட்டு மணிக்கூட்டைப் பார்த்தார். நன்றாகத்தான் போனது.

பின்னேரம் மழை. இரவுச் சாப்பாடு ஊறவைத்த மீன், இனிப்பாக. மீனுக்குச் சீனி போடுகிற நாட்டில் வந்து மாட்டிக்கொண்டேன்.

டிசம்பர் 6, சனி

குகநேசன் இரண்டு நாளாகக் கட்டிலில் படுக்கிறான். காலையில் என்னை எழுப்பித் தேத்தண்ணி தந்தான்.

“சொல்லிப்போட்டன் அண்ணை. ஒரு பெரிய பாரம் இறங்கிப் போச்சு. நான் சொன்னதெல்லாம் சொன்னனீங்கள்தானே?”

“சொன்னனான்.”

“உங்களை மறக்கமாட்டன்.”

இன்று படத்துக்குப் போகவில்லை. தலையிடி.

டிசம்பர் 24, புதன்

நத்தார். மண்டபத்தின் நடுவே ஒரு மரத்தை நட்டு, கையைக் கோத்துக்கொண்டு சுற்றி வரச் சொன்னார்கள். பிர்ஜிற் அம்மையாருக்காகச் சுற்றினேன். குகநேசன் மனோன்மணியின் பிள்ளைகளைத் தோளில் வைத்துக்கொண்டு சுற்றினான். சதை போட்டிருக்கிறான்.

விசாரணை நாளிலிருந்து அவன் ஒருமுறைகூட விழவில்லை. பிள்ளைகள் கெஞ்சினார்கள். “இனி விழத் தேவையில்லையடா, ஏணியை வித்துப்போட்டன்” என்றான். எல்லாரும் அதற்கும் சிரித்தார்கள்.

நான் சாப்பிடாமல் அறைக்கு வந்துவிட்டேன்.

1987 ஜனவரி 13, செவ்வாய்

கடிதங்கள் வந்தன.

எனக்கு அனுமதி கிடைத்துவிட்டது. திருச்சிக்குத் தந்தி அடிக்க வேண்டும்.

குகநேசனுக்கு இல்லை. ஆங்கிலத்தில் இருந்த கடிதத்தை நான்தான் வாசித்தேன். இரண்டாம் பக்கத்தில் இப்படி ஒரு வசனம்: “விண்ணப்பதாரரின் வாக்குமூலம் சொல்லிலும் ஒழுங்கிலும் ஏனைய பல வாக்குமூலங்களை ஒத்திருக்கிறது. அவருக்கே உரிய அனுபவம் எதுவும் அதில் காணப்படவில்லை.”

“என்ன அண்ணை எழுதியிருக்கு?”

“ஏற்கேல்லையாம். அப்பீல் செய்யலாம். ஒரு லோயர் வருவாராம்.”

“ஏனாம்?”

“ஏன் எண்டு ஒண்டும் வடிவா எழுதேல்லை” என்றேன்.

ஜனவரி 16, வெள்ளி

சட்டத்தரணி வந்தார், இளம் பெண். புதிதாகச் சொல்ல ஏதாவது இருக்கிறதா, ஒரு சின்ன விசயமானாலும் பரவாயில்லை, என்று திரும்பத் திரும்பக் கேட்டாள். நான் மொழிபெயர்த்தேன். குகநேசன் சொன்ன பதில் இது:

“புதுசா ஒண்டும் இல்லை. நான் எல்லாத்தையும் சொல்லிப்போட்டன். அதைக் கேட்டும் நம்பேல்லை எண்டால், பேந்து நான் என்னத்தைச் சொல்ல?”

ஆங்கிலத்தில் நான் சொன்னது: “புதிதாக ஒன்றும் இல்லை.”

அவள் கோப்பை மூடினாள். அவன் மறுபடி தரையில் படுக்கிறான்.

ஜனவரி 20, செவ்வாய்

பனி யன்னல் பாதிவரை ஏறிவிட்டது. கதவைத் திறக்க மண்வெட்டி வேண்டும். எனக்கு வேறு ஊரில் ஒரு வீடு பார்த்திருக்கிறார்களாம், மாத முடிவில் போகலாமாம். மகள் கடிதம் எழுதியிருக்கிறாள். அங்கே பனியைத் தின்னலாமா என்று கேட்டிருக்கிறாள்.

நான் எழுதத்தான் வேண்டும். இந்தக் கொப்பிக்கும் பொய் சொன்னால் பிறகு யாருக்கு உண்மை சொல்வது? நவம்பர் 30 அன்று உடுப்புத் தோய்க்கிற அறையில் அவன் எனக்குச் சொன்னதையே டிசம்பர் 4 அன்று அதிகாரிக்கும் சொன்னான். ஒரு சொல் மாறவில்லை. அது இது:

“என்னைப் பிடிச்சுக்கொண்டு போய் ஒரு பள்ளிக்கூடத்துக்குள்ளை வைச்சிருந்தவங்கள். பள்ளிக்கூடத்தைத்தான் ஆமி முகாமாக்கியிருந்தது. ஒரு வகுப்பறைக்குள்ளை பதினொரு பேர். வெளியிலை உயரத்திலை ஒரு தண்ணித் தாங்கி. வாளியோடை ஏணியிலை ஏறி அதை நிரப்போணும். ரெண்டாம் நாள் கால் வழுக்கி, வாளி தலையிலை கவிண்டு, நான் கீழை. கோப்ரல் சிரிச்சான். சுத்தி நிண்டவங்களும் சிரிச்சவங்கள். அண்டைக்கு எங்கடை அறையிலை ஒருத்தரையும் அடிக்கக் கூப்பிடேல்லை. அடுத்த நாள் பின்னேரம் ‘நேத்து விழுந்தமாதிரி விழு’ எண்டான். விழுந்தன். அண்டைக்கும் அடி இல்லை. பேந்து ஒவ்வொரு நாளும் அஞ்சு மணிக்கு இதுதான். கதிரை போட்டு இருந்து பாப்பாங்கள். ஒரேமாதிரி விழுந்தால் சிரிக்கமாட்டாங்கள். புதுசு புதுசா யோசிக்கோணும். ஒருத்தன் சிரிக்காட்டிலும் காணும், அவன் வந்து ஒரு ஆளைக் கூட்டிக்கொண்டு போவான். அறைக்குள்ளை இருக்கிறவை தங்கடை சோத்திலை எனக்குப் பங்கு தருவினம். ‘தம்பி, இண்டைக்கு நல்லா விழு’ எண்டு சொல்லி அனுப்புவினம். ஒரு நாள் எனக்குக் காய்ச்சல். விழுந்தன். சிரிக்கேல்லை. திரும்ப ஏறி விழுந்தன். சிரிக்கேல்லை. கோப்ரல் கதிரையைத் தள்ளிப்போட்டு எழும்பினான். அண்டைக்குச் சுந்தரலிங்கத்தைக் கொண்டு போனவங்கள். எங்கடை பஸ் டிறைவர். மூண்டு பிள்ளையள். திரும்பி வரேல்லை. அவரை நான்தான் கொண்டனான், என்னாலை வடிவா விழ ஏலாமல் போச்சு.”

இதை நான் ஆங்கிலத்தில் இப்படிச் சொன்னேன்: “விண்ணப்பதாரர் படையினரால் கைதுசெய்யப்பட்டுச் சில வாரங்கள் தடுத்துவைக்கப்பட்டார். அங்கே பலமுறை தாக்கப்பட்டார். உடனிருந்த ஒருவர் காணாமற்போனார்.”

ஏன் செய்தேன்? வெட்கம். ஒரு தமிழன் ஆமிக்காரனுக்கு முன்னால் கோமாளிக் கூத்து ஆடினான் என்று ஒரு வெள்ளைக்காரனுக்கு முன்னால் என் வாயால் சொல்ல எனக்கு வெட்கமாக இருந்தது. சொன்னால் அதிகாரி சிரித்துவிடுவாரோ என்று பயந்தேன். ஏணி, வாளி, விழுந்தேன், சிரித்தார்கள். சனிக்கிழமைப் படத்தில் நாங்கள் எல்லாரும் சிரித்தோமே. நான் கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தேனே. அடித்தார்கள் என்றால் கௌரவமான சொல். எல்லாருக்கும் விளங்கும் சொல். அதைப் போட்டேன். அவனைக் காப்பாற்றுகிறேன் என்றுதான் நினைத்தேன், கடவுளறிய.

அவனுக்கே உரியது என்று இந்த உலகத்தில் அது ஒன்றுதான் இருந்தது. நான் அதை எடுத்துவிட்டேன்.

இன்னும் அவனிடம் சொல்லவில்லை. சொன்னால் என் பெயர் என்ன ஆகும், என் அனுமதி என்ன ஆகும், நான் மொழிபெயர்த்த மற்றவர்களின் கதி என்ன ஆகும் என்று கணக்குப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். மனைவிக்கு எழுத உட்கார்ந்தேன். ‘இங்கே சுகம்’ என்பதற்கு மேல் பேனை ஓடவில்லை.

ஜனவரி 31, சனி

இன்று சொன்னேன். பனி வாரப் போயிருந்தோம், அவனும் நானும் மட்டும். மண்வெட்டியை ஊன்றிக்கொண்டு, அவன் முகத்தைப் பார்க்காமல் எல்லாவற்றையும் சொன்னேன். கடிதத்தில் இருந்த அந்த வசனத்தையும் சொன்னேன். என்னை அடிப்பான் என்று நினைத்தேன். அடித்திருக்கலாம்.

தன் மண்வெட்டியைப் பனியில் குத்தி நிறுத்தினான். பிறகு, “அப்ப அவைக்கு இன்னும் தெரியாதோ அண்ணை?” என்றான். அந்தக் குரலில் கோபம் இல்லை. கேட்கவே முடியவில்லை.

“தெரியாது. திரும்பச் சொல்லலாம். நான் லோயரிட்டை எல்லாம் சொல்லுறன், எழுதிக் கையெழுத்து வைக்கிறன். நீர் ஒருக்கால் அங்கை வந்து உம்முடைய வாயாலை சொன்னால் காணும்.”

“இல்லை அண்ணை. எனக்கு ஒருக்காத்தான் ஏலும். அதைச் சொல்லிப்போட்டன்.”

மண்வெட்டியை எடுத்து மிச்சப் பனியையும் வாரினான். நான் வாரவேண்டிய பக்கத்தையும் வாரினான்.

பெப்ரவரி 3, செவ்வாய்

சட்டத்தரணிக்கு எட்டுப் பக்கம் எழுதிக் கையெழுத்து வைத்தேன். வாசித்துவிட்டு அவள் என்னை ஏறிட்டுப் பார்க்கவில்லை. அப்பீல் சபை 19ஆம் திகதி கூடுமாம். என்னைச் சாட்சியாகக் கூப்பிடுவார்களாம். ஆனால் சம்பந்தப்பட்டவர் தானே சொல்லாவிட்டால் இந்தக் காகிதத்துக்குப் பலம் குறைவு என்றாள். எனக்குப் பார்த்த வீட்டின் கதவுத் திறப்பைக் கொஞ்ச நாள் கழித்து வாங்குகிறேன் என்று பிர்ஜிற் அம்மையாரிடம் சொன்னேன்.

ஒவ்வொரு நாளும் அவனைக் கெஞ்சுகிறேன். “பாப்பம் அண்ணை” என்கிறான்.

மார்ச் 4, புதன்

குகநேசனைத் திருப்பி ஏற்ற இன்று காலை கொண்டுபோய்விட்டார்கள். இரண்டு பொலிஸ்காரர், மரியாதையானவர்கள், பையைத் தாங்களே தூக்கினார்கள். மனோன்மணி வாசலில் நின்று அழுதார். அவன் எல்லாரிடமும் போட்டு வாறன் என்று சொன்னான். என்னிடம், “அண்ணை, அக்காவையும் பிள்ளையையும் கெதியாக் கூப்பிடுங்கோ” என்றான்.

பெப்ரவரி 19ஆம் திகதி நடந்ததை இரண்டு கிழமையாக எழுதாமல் வைத்திருந்தேன்.

கொப்பன்ஹேகனுக்கு ஹோல்கர் தன் காரிலேயே எங்களைக் கூட்டிக்கொண்டு போனார். எதற்குப் போகிறோம் என்று அவருக்கு வழியில் சொல்லியிருந்தேன். ஏணியரின் படங்களை இனிக் காட்டுவாரோ தெரியாது.

சபையில் மூன்று பேர். நடுவில் நரைத்த தலையோடு தலைவர். இந்த முறை உத்தியோகபூர்வ மொழிபெயர்ப்பாளர் வந்திருந்தார், கழுத்துப்பட்டி கட்டிய சுத்தமான மனிதர். நான் சாட்சிக் கதிரையில் இருந்தேன். பதினெட்டு வருடம் அந்தக் கதிரைக்குப் பக்கத்தில் நின்றிருக்கிறேன், ஒருநாளும் அதில் இருந்ததில்லை. எல்லாவற்றையும் சொன்னேன். ஏணி, வாளி, ஐந்து மணி, கோப்ரல், காய்ச்சல், சுந்தரலிங்கம். ஒருவரும் சிரிக்கவில்லை. இடது பக்கத்தில் இருந்த அம்மா எழுதுவதை நிறுத்திவிட்டுக் கையை மடியில் வைத்துக்கொண்டார். இவர்கள் சிரித்துவிடுவார்கள் என்றா நான் பயந்தேன்? சொல்லியிருந்தால் அந்த அதிகாரியும் சிரித்திருக்க மாட்டார்.

பிறகு தலைவர் குகநேசனைப் பார்த்து, மெதுவாக, இதை உங்கள் சொந்தச் சொல்லில் எங்களுக்குச் சொல்லமுடியுமா என்று கேட்டார். மொழிபெயர்ப்பாளர் தமிழில் கேட்டார். குகநேசன் எழுந்தான். கையிரண்டையும் தொங்கவிட்டுக்கொண்டு நின்றான். வாய் திறந்தது. சொல் வரவில்லை. எல்லாரும் காத்திருந்தார்கள். பிறகு இருந்துவிட்டான்.

“சரி, சொல்ல வேண்டாம்” என்றார் தலைவர். “இந்தச் சாட்சி சொன்னது உண்மையா? ஆம் அல்லது இல்லை என்று சொன்னால் போதும்.”

ஆம் என்று சொல்லடா என்று மனதுக்குள் கத்தினேன். நீதிமன்றத்தில் எத்தனையோ சாட்சிகளின் வாயில் வராத சொல்லை நான் போட்டிருக்கிறேன். அன்றைக்கு என்னால் போடமுடியவில்லை.

குகநேசன் என்னைத் திரும்பிப் பார்த்தான். அது கோபமா, நம்பிக்கையா, களைப்பா, எனக்கு இன்றுவரை தெரியாது.

“அண்ணை சொன்னால் சரியாத்தான் இருக்கும்” என்றான்.

கழுத்துப்பட்டிக்காரர் ஒரு கணம் யோசித்துவிட்டு அதை டெனிஷில் சொன்னார். தலைவர் எழுதிக்கொண்டார். ஆங்கிலத்தில் வந்த தீர்ப்பின் கடைசிப் பந்தியில் அந்த வசனம்தான் இருக்கிறது: தன் அனுபவம் என்று கூறப்படுவதைப் பற்றி விண்ணப்பதாரர் தானாக எதுவும் தெரிவிக்கவில்லை, மற்றொருவர் சொன்னால் அது சரியாக இருக்கும் என்று மட்டும் கூறினார்.

நான் அந்தக் கழுத்துப்பட்டிக்காரரின் மொழிபெயர்ப்பைப் பலமுறை வாசித்துப் பார்த்துவிட்டேன். அதில் ஒரு பிழையும் இல்லை. அவர் ஒரு சொல்லும் கூட்டவில்லை, ஒரு சொல்லும் குறைக்கவில்லை.